திண்டுக்கல் சீமை – 27: மூக்கறுப்புப் போரும் கதை கேட்டு எழுதியவர்களும்

கிழக்கிந்தியக் கும்பினியை எதிர்த்து நின்ற பாளையக்காரர் விருப்பாச்சி கோபால நாயக்கரைக் கும்பினிப் படை நெருங்கிவரும் இடத்தில் சென்ற வாரம் நிறுத்தியிருந்தோம். 1801-ன் முடிவை இந்த வாரம் சொல்வதாக இருந்தேன். ஆனால் கன்னிவாடிப் பாளையக்காரர்களின் வம்சாவளியைக் கையில் எடுத்தவனுக்கு அதை அவ்வளவு சுலபத்தில் கீழே வைக்க முடிவதில்லை. அந்த வம்சாவளியில் ஒரு யுத்தம் இருக்கிறது. திண்டுக்கல் மலைக்கோட்டையை அண்ணாந்து பார்க்கும் ஒவ்வொருவரும் அதை அறிந்திருக்க வேண்டும்.

மதுரையை ஆண்ட திருமலை நாயக்கர் காலத்தில் மைசூர்க்காரர்கள் ஒரு முறைக்கு மேல் இந்தச் சமவெளிக்கு இறங்கி வந்தார்கள். முதல் முறை வந்தவர்களை தளவாய் இராமப்பையனும் கன்னிவாடி ரங்கண்ண நாயக்கரும் சேர்ந்து துரத்தினார்கள். திண்டுக்கல் பாளையங்களில் கன்னிவாடிக்கு முதல் மரியாதை வந்தது அதனால்தான் என்கிறது வம்சாவளி.

மறுமுறை நடந்தது வேறு மாதிரி. 1656 வாக்கில், திருமலை நாயக்கர் நோயில் படுத்திருந்த நேரம் பார்த்து, கந்தீரவ நரசராஜ உடையாரின் படை சத்தியமங்கலம் பக்கமாக இறங்கியது. கண்ணில் பட்டவர்களின் மூக்கை மேலுதட்டோடு சேர்த்து அறுத்தார்கள். ஆண் பெண் குழந்தை என்ற பேதமே இல்லை. அறுத்த மூக்குகளை மூட்டை கட்டி மைசூருக்கு அனுப்பினார்கள். மூக்கின் எண்ணிக்கைக்கு ஏற்ப வெகுமதி! கந்தீரவனைப் பெரிய வீரன் என்று கொண்டாடுகிறவர்கள் உண்டு. உழுது பிழைத்தவன் முகத்தில் கத்தி வைக்கச் சொன்னவனை வீரன் என்று எழுத என் பேனாவுக்கு மனம் வராது.

இது வெறும் கட்டுக்கதை என்று ஒதுக்கவும் முடியாது. அந்த நாளில் மதுரை மிஷனில் இருந்த அந்தோணி ப்ரொயென்சா என்ற சேசு சபைப் பாதிரியார் 1659-ல் எழுதிய கடிதத்தில் இந்தக் கொடுமையைக் குறித்திருக்கிறார். தமிழ்–போர்த்துகீசிய அகராதி செய்தவர் அவர். சம்பவம் நடந்து சில வருஷங்களுக்குள் எழுதியது அந்தக் கடிதம்.

மதுரையே கைவிட்டுப் போகும் நிலையில் ராமநாதபுரத்துக்கு ஓலை போனது. ரகுநாத சேதுபதி வந்தார். எப்படி வந்தார்! இருபத்தைந்தாயிரம் மறவர்களைத் திரட்டிக்கொண்டு வந்தார் என்கிறது கதை. இதே சேதுபதி பரம்பரையின் மீது இருபது வருஷத்துக்கு முன்பு இராமப்பையனை ஏவிவிட்டவர் திருமலை நாயக்கர். பழைய கணக்கை நினைத்திருந்தால் ராமநாதபுரத்துப் படை வைகையைத் தாண்டியிருக்காது. ரகுநாதர் அதை நினைக்கவில்லை. மதுரை வாசலில் நின்ற எதிரியைத் திண்டுக்கல் வரைக்கும் அடித்துத் தள்ளினார். இந்த மண்ணில்தான் இரண்டாவது கைகலப்பு. மைசூர்ப் படை மலையேறி ஓடியது. நாயக்கரின் தம்பி குமாரமுத்து பின்தொடர்ந்து போய், பதிலுக்கு மூக்கறுத்து, கடைசியில் மைசூர் ராஜாவின் மூக்கையே அறுத்துக்கொண்டு வந்தார் என்று முடிகிறது நம் பக்கத்துக் கதை. மைசூர்ப் பக்கத்துச் சரித்திரங்கள் தங்கள் ராஜாவின் மூக்கைப் பற்றி இப்படிச் சொல்வதில்லை. கடைசிப் பகுதி கோபத்தில் பிறந்தது என்பதே என் எண்ணம். மூக்கிழந்த சனங்கள் அப்படி ஒரு முடிவைச் சொல்லித்தான் ஆற்றிக்கொண்டிருப்பார்கள்.

சேதுபதிக்குத் ‘திருமலை சேதுபதி’ என்று பெயர் சூட்டினார் நாயக்கர். கப்பம் தள்ளுபடி ஆயிற்று. மதுரையைப் போலவே ராமநாதபுரத்திலும் நவராத்திரி கொண்டாட அனுமதி கிடைத்தது.

இத்தனையும் நமக்கு எப்படிக் கிடைத்தது? கேட்டு எழுத ஆள் இருந்ததால் கிடைத்தது. இந்த வாரத்து உண்மையான நாயகர்கள் அவர்கள்தான்.

காலின் மெக்கன்சி ஸ்காட்லாந்தின் லூயிஸ் தீவில், ஸ்டோர்னவே என்ற ஊரில் பிறந்தவர். 1783-ல் சென்னைக்கு வந்தார். ஆரம்ப நாட்களில் கோயம்புத்தூரிலும் நம் திண்டுக்கல் சீமையிலும் வேலை பார்த்தார். பிற்பாடு இந்தியாவின் தலைமை நில அளவையாளரானார். நிலத்தை அளந்துகொண்டே ஊர் ஊராகக் கதைகளையும் சேர்த்தார்.

அவருக்குத் தமிழும் தெரியாது, தெலுங்கும் தெரியாது. பாளையத்து அரண்மனைகளிலும் கோயில்களிலும் போய் உட்கார்ந்து பேச்சுக் கொடுத்துக் கேட்டு எழுதி வந்தவர்கள் அவரிடம் வேலை பார்த்த நம்மவர்கள். அவர்களுக்கு முதல்வர்கள் ஏலூரைச் சேர்ந்த காவலி வெங்கட பொரய்யாவும் அவர் தம்பி லட்சுமய்யாவும். பொரய்யா 1803-லேயே காலமாகிவிட, பொறுப்பு லட்சுமய்யாவின் தலையில் விழுந்தது. மெக்கன்சி 1821-ல் இறந்தபின் அவர் சேகரிப்பை அரசாங்கம் 10,000 பவுன் கொடுத்து வாங்கியது. அந்தச் சேகரிப்புக்கு எச்.எச். வில்சன் 1828-ல் போட்ட பட்டியலில், கைபீது என்று சொல்லப்படும் ஊர் விவரக் குறிப்புகளும் வரலாறுகளும் மட்டும் 2,070. கல்வெட்டுப் படிகள் 8,076.

விட்ட வேலையைத் தொடர்கிறேன் என்று லட்சுமய்யா விண்ணப்பித்தார். கல்கத்தாவில் ஜேம்ஸ் பிரின்செப் அதைத் தட்டிக் கழித்தார். இந்த வேலைக்கு இந்தியர் ஒருவரின் தகுதி போதாதாம்! அசோகர் எழுத்தைப் படித்துக் காட்டிய மேதை பிரின்செப். அந்தப் புகழை நான் குறைக்கவில்லை. ஆனாலும் இந்த ஒரு மறுப்பால் தென்னாடு இழந்த கதைகள் எத்தனை என்று எண்ணும்போது எனக்கு மனம் கொதிக்கிறது.

கைபீதுகளிலும் ஒரு குறை உண்டு. மெக்கன்சியின் ஆட்கள் பெரும்பாலும் அரண்மனைக்காரரையும் கணக்கரையும் குருக்களையும்தான் கேட்டார்கள். தெலுங்கு பேசும் கம்பளத்து நாயக்கர்கள் தெற்கே வந்த கதையைப் பாருங்கள். பெண் கேட்ட துருக்க அரசனுக்குப் பயந்து ஓடி வருகிறார்கள், குறுக்கே வெள்ளம், இரு கரையிலும் நின்ற புங்க மரங்கள் ஒன்றையொன்று நோக்கி வளைந்து பாலமாகி அவர்களைக் கடத்திவிடுகின்றன. வெள்ளைக்காரர் எழுதிய சாதி நூல்களில் இது ஐந்தாறு வரியில் அடங்கிவிட்டது. உறுமியும் தேவதுந்துமியும் ஒலிக்கும் ஒரு இரவில் பெரியவர் ஒருவர் அதைத் தெலுங்கில் நீட்டிச் சொல்லும்போது அதற்குள் எத்தனை பேர் வருகிறார்கள், எத்தனை ஊர் வருகிறது! கும்பினிக் கர்னலான மெக்கன்சிக்கு எழுதிக் கொடுக்கிற ஏட்டில் கோபால நாயக்கரைப் புகழ்ந்து எந்தக் கணக்கர்தான் துணிந்து எழுதியிருப்பார்?

அந்தக் குறையைத் தீர்க்க முனைந்தவர் பேராசிரியர் நா. வானமாமலை. சாமானியர் பாட்டில்தான் சாமானியர் சரித்திரம் இருக்கிறது என்று நம்பியவர். எஸ்.எஸ். போத்தையா, எஸ்.எம். கார்க்கி போன்ற தோழர்கள் கிராமங்களில் சேர்த்துக் கொடுத்தார்கள். 1970-களின் தொடக்கத்தில் மதுரைப் பல்கலைக்கழகம் அவர் பதிப்பித்த ‘கான்சாகிபு சண்டை’, ‘ஐவர் ராசாக்கள் கதை’ முதலியவற்றை வெளியிட்டது. அவர் உழைப்பு பெரும்பாலும் நெல்லைச் சீமையில் நின்றது. திண்டுக்கல்லுக்கு அப்படி ஒரு வானமாமலை வாய்க்கவில்லை.

அயர்லாந்து இதை வேறு வழியில் செய்து முடித்தது. 1935-ல் அங்கே அரசே ஒரு நாட்டுப்புறவியல் ஆணையம் அமைத்தது. ஷேமஸ் ஓ டுலார்கா அதற்கு இயக்குநர். சம்பளம் வாங்கும் சேகரிப்பாளர்கள் மெழுகு உருளையில் ஒலிப்பதியும் கருவியைச் சைக்கிளிலும் காரிலும் சுமந்து மலைக் குடிசைகளுக்குப் போனார்கள். ஒரு கதையை எழுதி முடித்ததும் உருளையைச் சீவி மறுபடி பயன்படுத்துவார்கள், அவ்வளவு சிக்கனம். 1937-ல் அடுத்த வேலையைத் தொடங்கினார்கள். ஏறத்தாழ 5,000 தொடக்கப் பள்ளிகளில் பதினொன்று முதல் பதினான்கு வயதுப் பிள்ளைகளுக்கு வீட்டுப்பாடமாகவே அதைக் கொடுத்தார்கள். தாத்தா பாட்டியிடம், பக்கத்து வீட்டுக் கிழவரிடம் கேட்டு எழுதி வா என்றார்கள். எதைக் கேட்பது என்பதற்கு ஐம்பத்தைந்து தலைப்புகளோடு கையேடு எழுதித் தந்தவர் ஷான் ஓ சுல்லவான். ஐம்பதாயிரம் பிள்ளைகள் எழுதிக் குவித்தவை இன்று டப்ளின் பல்கலைக்கழகக் கல்லூரியின் காப்பகத்தில் பத்திரமாக இருக்கின்றன. பஞ்சத்திலும் ஆங்கில ஆட்சியிலும் பாதி மொழியைப் பறிகொடுத்த ஒரு சிறிய ஏழை நாடு இதைச் செய்தது.

நம்மிடம் என்ன இல்லை? கன்னிவாடி, விருப்பாச்சி, இடையகோட்டை, ஆயக்குடி, அம்மையநாயக்கனூர் என்று பாளையம் இருந்த ஊர்களில் எல்லாம் இன்று பள்ளிக்கூடம் இருக்கிறது. சின்னாளபட்டிக்குப் பக்கத்தில் காந்திகிராமப் பல்கலைக்கழகம் இருக்கிறது. கையில் ஒலிப்பதிவு செய்யும் போன் இல்லாத வீடு அரிது. தமிழாசிரியர்களை வேண்டிக் கேட்கிறேன்: இந்தக் கோடை விடுமுறையில் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு நோட்டுக் கொடுங்கள். ஊர்க் காவல் தெய்வம் எப்படிச் செத்துத் தெய்வமானது, குளத்தை வெட்டியது யார், கோபால நாயக்கரைப் பற்றி வீட்டில் என்ன சொல்கிறார்கள் என்று கேட்டு எழுதச் சொல்லுங்கள். சொன்னவர் பெயர், வயது, ஊர், தேதி நான்கும் கட்டாயம் வேண்டும். சொன்னபடியே எழுதட்டும்; யாரும் திருத்த வேண்டாம். தெலுங்கிலோ கன்னடத்திலோ சொன்னால் அப்படியே ஒலிப்பதிவு செய்துகொள்ளட்டும்.

அடுத்த வாரம், விருப்பாச்சியில் 1801.