கறையானும் தேயிலையும்: மலைநாட்டு வரலாற்றில் ஓர் ஏடு

கறையான் தமிழருக்குப் புதிய உயிரன்று. பழைய நூல்கள் அதனைச் சிதல் என வழங்கும். ஓலைச்சுவடிகளை அரித்தொழித்தமையால் ‘செல்லரித்தல்’ என்னும் வழக்கும் நம் மொழியில் நிலைத்தது. அதே உயிர் எழுப்பிய புற்றுக்குப் பாலூற்றி வழிபடும் மரபும் நம்மிடை உண்டு. அஞ்சப்படுவதும் வணங்கப்படுவதும் ஒன்றேயாக நிற்கும் இவ்வுயிரைப்பற்றிய அறிவு எவ்வாறு வளர்ந்தது, இலங்கையின் மத்திய மலைநாட்டுத் தேயிலைக்கு அது எவ்வாறு பயன்பட்டது என்பவற்றை ஈண்டு சுருங்க ஆராய்வாம்.

புற்றினுள் கறையான் பயிர்செய்கின்றது என்னும் உண்மையை ஐரோப்பிய அறிஞருலகுக்கு முதன்முதல் எடுத்துரைத்தவர் யோகான் கெரார்ட் கேனிக் என்பவர். இவர் இலினேயசின் மாணாக்கர். தரங்கம்பாடித் தேனிய மிசனில் மருத்துவராயிருந்தவர். தஞ்சை நாட்டுப் புற்றுக்களைத் தோண்டி ஆராய்ந்து, தாம் கண்டவற்றை 1779 ஆம் ஆண்டிலே வெளியிட்டார். ஆபிரிக்கக் கறையானைப் பற்றிய சிமீத்மனின் புகழ்பெற்ற கட்டுரை 1781 இலேயே வெளிவந்தது. ஆகவே, இவ்வாராய்ச்சியின் தொடக்கம் தமிழ்நிலத்து மண்ணிலே அமைந்தது எனக் கூறுதல் மிகையன்று.

அப்பயிரின் இயல்பு வியக்கத்தக்கது. உலர்ந்த மரத்தையும் சருகையும் தொழிற்கறையான்கள் தின்று கொணர்ந்து, அரைகுறையாய்ச் செரித்த கழிவினால் கடற்பஞ்சு போன்ற கூடுகளைக் கட்டுகின்றன. அக்கூட்டின்மீது ஒருவகைப் பங்கசு படர்ந்து, மரத்தின் வன்பொருளைச் சிதைத்து உணவாகப் பக்குவப்படுத்துகின்றது. பங்கசின் வெண்முடிச்சுக்களும் பக்குவமடைந்த பழங்கூடுமே கறையானுக்கு உணவாம். மழைக்குப்பின் புற்றைப் பிளந்து மேலெழும் புற்றுக்காளான் அப்பங்கசின் கனியுடலேயாகும். கறையானின்றிப் பங்கசு வாழாது. பங்கசின்றிக் கறையானும் வாழாது.

இலங்கையில் இவ்வறிவு தழைத்த இடம் பேராதனையாகும். அதற்கு ஒரு பேரிழப்பே வழிகோலிற்று. 1869 இல் தோன்றிய இலைத்துருநோய் கோப்பித் தோட்டங்களை அழித்தது. 1867 இல் லூல்கந்துரையிலே ஜேம்ஸ் டெயிலர் 19 ஏக்கரில் நட்ட தேயிலை, கோப்பி மடிந்த சரிவுகளையெல்லாம் பின்னர் மூடியது. ஒரு பங்கசினால் நாட்டின் செல்வமே வீழ்ந்ததைக் கண்ட அரசாங்கம் பங்கசியல் அறிஞரின் தேவையை உணர்ந்தது. 1905 இல் அப்பதவியேற்றுப் பேராதனைக்கு வந்த தோமஸ் பெற்ச், மறுவருடமே கறையான் கூட்டுப் பங்கசுக்களைப் பற்றி விரிந்ததோர் ஆய்வை வெளியிட்டார். கூடு உயிர்ப்புடன் இருக்குங்கால் ஒரு பங்கசு ஓங்குவதையும், கறையான் நீங்கியபின் வேறொன்று முளைப்பதையும் அவர் பிரித்துக் காட்டினார். செருமானியரான எசரிக் இலங்கைக் கறையானைப் பற்றி 1911 இல் ஒரு நூலே எழுதினார். புற்றுக்காளான் இனத்துக்குத் தேமிற்றோமைசிசு என 1942 இல் பெயரிட்டவர் பிரான்சு நாட்டு அறிஞர் உரோசே ஏம்.

இனி, தேயிலைக்கு வருவோம். புற்றுக் கண்ணுக்குத் தெரிவதாதலின், செடி பட்டால் பழி புற்றின்மேலேயே விழுவது இயல்பு. ஆயின், பங்கசு வளர்க்கும் கறையான் பெரிதும் பட்ட மரத்தையே நாடுவது. மலைநாட்டில் உயிருள்ள தேயிலையைக் குடைந்தழிப்பது வேறோர் இனம். அதற்குப் புற்றில்லை, பங்கசுத் தோட்டமுமில்லை, வயிற்றினுள் வாழும் நுண்ணுயிர்களே அதற்கு மரத்தைச் செரித்துக் கொடுக்கின்றன. செடியின் அடிமரத்துள்ளேயே குடியிருப்பதால் அது வெளியே தோன்றாது. கவ்வாத்து வெட்டிய காயம் உலர்ந்து உளுத்தபின், அவ்வழியே ஈசல் இணைகள் புகுந்து குடியேறும். பல்லாண்டு கழித்து ஒரு கொப்பு முறியும்போதே உள்ளீடற்ற தண்டு வெளிப்படும். புற்றை இடித்தவர் குற்றமற்றதைத் தண்டித்தார். குற்றவாளியோ செடிக்குள் அமைதியாயிருந்தது.

இவ்வேறுபாடு ஏட்டறிவு மாத்திரமன்று. பரிகாரமே இதனால் மாறுகின்றது. புற்றுக்கு மருந்திடுதலால் உயிர்மரக் கறையான் ஒழியாது. கவ்வாத்தைக் கூரிய கத்தியால் செவ்வையாய் வெட்டுதல், பட்ட கொப்புகளை அகற்றுதல், வெட்டுவாயைப் பாதுகாத்தல், பழைய மரக்குற்றிகளையும் பட்ட நிழல்மரங்களையும் தோண்டியெடுத்தல், நோய்ப்பட்ட செடியை வேரோடு பிடுங்குதல், எதிர்ப்பாற்றலுள்ள இனங்களை நடுதல் என்பனவே தக்க வழிகளாம். 1925 இல் சட்டத்தால் நிறுவப்பட்டு, முதலில் நுவரெலியாவிலும் பின்னர் தலவாக்கொல்லை சென்ற் கூம்ஸ் தோட்டத்திலும் இயங்கிய தேயிலை ஆராய்ச்சி நிலையம் இத்துறையில் உழைத்தது. அதன் முதற் பணிப்பாளராய் அமர்ந்தவரும் பெற்ச் அவர்களே.

எளிய வழியாகத் தோன்றிய நஞ்சு என்ன செய்தது என்பதற்கும் மலைநாடே சான்று தருகின்றது. தேயிலைத் தண்டினுள் பங்கசு வளர்த்துண்ணும் துளைவண்டு ஒன்றுண்டு. இரண்டாம் உலகப்போரின் பின் அதனை ஒழிக்க டீல்ட்ரின் தெளிக்கப்பட்டது. இலைசுருட்டிப் புழுவை அடக்குதற்கென 1935, 1936 ஆம் ஆண்டுகளில் யாவாவிலிருந்து கொணரப்பட்ட ஒட்டுண்ணிக் குளவியை அந்நஞ்சு மாய்த்தது. அடங்கியிருந்த புழுவோ மீண்டும் பெருகிற்று. ஒரு பகையை வெல்லப்போய் உற்ற துணையை இழந்த கதை இது. டீல்ட்ரின் 2001 ஆம் ஆண்டின் சுதொக்கோம் உடன்படிக்கையால் உலகளாவிய தடைக்குள்ளாயிற்று. தாழ்நாட்டுத் தேயிலையின் உயிர்மரக் கறையானை நுண்புழுக்களைக் கொண்டு கட்டுப்படுத்தும் இலங்கை ஆராய்ச்சியொன்று 1987 இல் வெளிவந்தமை வேறு வழிகளும் உள என்பதைக் காட்டிற்று.

அற்றன் மலைச்சரிவில் ஒரு தேயிலைச் செடி பட்டுப்போனால் அது தோட்டத்துரைக்குக் கணக்கில் ஓர் எண். கொழுந்தின் நிறையைக் கொண்டு கூலி பெறுபவளுக்கோ அது கூடையில் குறையும் கொழுந்து. அச்செடியைக் காப்பது பெரும்பாலும் கவ்வாத்துக் கத்தி பிடித்த தொழிலாளியின் கைத்திறனே. ஆய்வுகூடத்து அறிவு அக்கையைச் சென்றடைந்தபோது செடி தழைத்தது. அதனை விடுத்து நஞ்சை மாத்திரம் நம்பியபோது கேடு விளைந்தது. பகையை இன்னதென்று தெளிந்தபின்னரே அதனை எதிர்த்தல் வேண்டும் என்பதே இவ்வரலாறு மாணாக்கராகிய நமக்கு உணர்த்தும் பாடமாம்.