கடைசிக் கம்யூனிஸ்டும் நம் ஊரும்



நம் சுங்கை சிப்புட்டின் பெயர் நாட்டு வரலாற்றில் ஏறியது ஒரு துயர நாளில்தான். 1948-ஆம் ஆண்டு ஜூன் 16-ஆம் தேதி காலையில், எல்பில் தோட்டத்தில் வாக்கர் துரையும், பின் சூன் தோட்டத்தில் எலிசன், கிறிஸ்டியன் என்ற இருவரும் சுட்டுக் கொல்லப்பட்டனர். இரண்டே நாளில் மலாயா முழுவதும் அவசரகாலச் சட்டம் பிறந்தது. அது 1960 ஜூலை 31 வரை நீடித்தது.

அந்தப் பன்னிரண்டு ஆண்டுகள் தோட்டப்புறத்துக்கு எப்படி இருந்தன? பல தோட்டங்களில் லயங்களைச் சுற்றி முள்வேலி எழுந்தது. பால் வெட்டப் போகிறவரின் தூக்குச்சட்டியும் சோதிக்கப்பட்டது. காட்டிலிருந்து வந்தவர்கள் அரிசி கேட்டார்கள். கொடுத்தால் சிறை, மறுத்தால் உயிருக்கு ஆபத்து. தொழிற்சங்கத் தலைவர் கணபதி 1949 மே மாதம் புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார்.

ஆயுதப் போராட்டம் முறையாக முடிந்தது 1989 டிசம்பர் 2-ஆம் தேதி, ஹட்யாய் உடன்படிக்கையில். அதற்கு மூன்று வாரங்களுக்கு முன்புதான் ஜெர்மனியில் பெர்லின் சுவர் திறந்தது. அங்கே ஆட்சியில் இருந்த கம்யூனிசம் வீழ்ந்தது. இங்கோ அது ஆட்சிக்கு வரவே இல்லை. ஆயினும் அதைப் பற்றிப் பேசும் அச்சம் மட்டும் நம்மிடையே தங்கிவிட்டது.

அந்த அச்சத்தின் நடுவே படப்பெட்டியோடு புறப்பட்டவர் அமீர் முகமது என்ற சுதந்திரப் படத் தயாரிப்பாளர். கம்யூனிஸ்டுக் கட்சித் தலைவர் சின் பெங் பிறந்த சித்தியவானில் தொடங்கி, ஊர் ஊராகத் தாய்லாந்து எல்லை வரை சென்றார். 'லெலாக்கி கொமுனிஸ் தெராக்கிர்', அதாவது 'கடைசிக் கம்யூனிஸ்டு' என்பது படத்தின் பெயர். அதில் சின் பெங் தோன்றுவதே இல்லை. அந்தந்த ஊரில் இன்று வாழும் சாதாரண மக்களே தங்கள் பிழைப்பைப் பற்றிப் பேசுகிறார்கள். 2006-இல் பெர்லின் திரைப்பட விழாவில் அது காட்டப்பட்டது. நம் நாட்டுத் தணிக்கைக் குழுவும் வெட்டின்றி அனுமதித்தது. ஆனால் திரையரங்குக்கு வருமுன், அவ்வாண்டு மே மாதம் உள்துறை அமைச்சு அதற்குத் தடை விதித்தது. தாய்லாந்தில் தங்கிவிட்ட மலாய்ப் போராளிகளைப் பற்றி அவர் எடுத்த அடுத்த படமும் 2007-இல் தடைசெய்யப்பட்டது.

தடையை ஆதரித்தவர்களின் மனத்தையும் நாம் எண்ண வேண்டும். போலீஸ்காரரை, படைவீரரை இழந்த குடும்பங்களின் புண் உண்மையானது. ஆனால் புண்ணை மூடி வைத்தால் மட்டும் ஆறிவிடுமா?

இன்னொன்றையும் கவனியுங்கள். துரைமார் நூல் எழுதினார்கள். அரசாங்கம் அறிக்கை வைத்திருக்கிறது. சின் பெங்கும் 2003-இல் தம் வரலாற்றை வெளியிட்டார். நடுவில் நின்று இரு பக்கத்து அடியையும் தாங்கிய பால்வெட்டுத் தொழிலாளியின் சொல் எங்கே? பெரும்பாலும் அது லயத்துத் திண்ணையிலேயே கரைந்து போயிற்று.

1948-இல் பத்து வயதுப் பிள்ளையாக இருந்தவர் இன்று எண்பத்தைந்தைத் தாண்டிவிட்டார். நம் வீட்டுத் தாத்தாவிடம், பாட்டியிடம் இன்றே கேளுங்கள். முள்வேலி எங்கே இருந்தது, வாசலில் யார் நின்றார்கள், அரிசி எப்படிக் கிடைத்தது என்று கேளுங்கள். பிள்ளைகள் அதை நோட்டுப் புத்தகத்தில் எழுதட்டும். கைத்தொலைபேசியில் குரலைப் பதியட்டும். அதற்கு யாருடைய அனுமதியும் வேண்டியதில்லை.