உலகச் சந்தையில் நமது இடம் எது?

பிரிக்பீல்ட்ஸைக் கடந்து கிள்ளானுக்குச் செல்லும் இருப்புப் பாதையை நம்மில் அறியாதார் இலர். 1901-ம் ஆண்டில் சுவெட்டன்ஹாம் துறைமுகமாகத் திறக்கப்பெற்று, 1972 முதல் கிள்ளான் துறைமுகம் என வழங்கும் துறைக்குச் சிலாங்கூர்த் தோட்டங்களின் ரப்பர் அவ்வழியே சென்றது. பால் வெட்டியவர் நம்மவர். பாதை அமைத்தவர்களிலும் நம்மவர் பலர். ஆயின், அந்த ரப்பரின் அளவையும் விலையையும் தீர்மானித்தவர் யாவர்? தோழர்களே, இதனைச் சிறிது ஆராய்வோம்.

1930-ம் ஆண்டில் உலகச் சந்தையில் ரப்பர் விலை வீழ்ந்தது. உடனே நம் ஆண்களின் நாட்கூலி 50 காசிலிருந்து 40 காசாகவும், பெண்களின் கூலி 40-லிருந்து 32 காசாகவும் குறைக்கப்பட்டது. வேலையிழந்த பல்லாயிரவர் கப்பலேற்றித் தாய்நாட்டுக்கு அனுப்பப்பட்டனர். பின்னர் 1934-ம் ஆண்டு மே மாதம் 7-ந் தேதி, பிரிட்டன், ஹாலந்து, பிரான்சு, இந்தியா, சயாம் ஆகிய தேசங்கள் சர்வதேச ரப்பர் ஒப்பந்தம் ஒன்றில் கையொப்பமிட்டன. எந்நாடு எவ்வளவு ஏற்றுமதி செய்யலாம் என்பதை இலண்டனில் கூடிய கமிட்டி வகுத்தது. மலாயாவுக்கு அவ்வாண்டு குறிக்கப்பட்ட பங்கு 504,000 டன். முதலாளிகளின் குரல் அங்கே ஒலித்தது. ரப்பரை வாங்கும் ஆலைக்காரர்கூட ஆலோசனை கூற இடம் பெற்றனர். பால் வெட்டியவனுக்கு மட்டும் இடமில்லை!

இடம் மறுக்கப்பட்டவன் என் செய்வான்? 1941-ல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் நம்மவர் வேலை நிறுத்தம் செய்தனர். சீனருக்கு நிகரான கூலி கேட்டனர். கள்ளுக்கடைகளை மூடச் சொன்னார்கள். துரையின் எதிரே சைக்கிளிலிருந்து இறங்காது செல்லும் உரிமையையும் வேண்டினர். மறுமொழியாகத் தலைவர் ஆர். எச். நாதன் நாடு கடத்தப்பட்டார், துருப்புக்கள் வந்தன, துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர் சிலர் மாண்டனர்.

போர் ஓய்ந்தபின் உலக வர்த்தகத்திற்குப் பொது விதிகள் பிறந்தன. 1948-ல் ஹவானாவில் கையெழுத்தான சாசனம், நியாயமான தொழிலாளர் நிலைமைக்கென ஒரு விதியையே கொண்டிருந்தது. அமெரிக்கக் காங்கிரஸ் அதனை ஏற்காமையால் சாசனம் மாண்டது. எஞ்சியது, 1947-ல் ஜினீவாவில் 23 தேசங்கள் செய்துகொண்ட சுங்கவரி, வர்த்தகப் பொது உடன்படிக்கை. ஓர் அங்கத்தினருக்கு அளித்த சலுகையை மற்ற அங்கத்தினர் யாவர்க்கும் அளிக்கவேண்டும் என்பது அதன் ஆதார விதி. சிறைக் கைதிகளின் உழைப்பாலான பொருள்களைத் தடுக்கலாம் என்ற விலக்கு ஒன்றைத் தவிர, உழைப்பவன் நிலை அதில் பேசப்படவில்லை.

சுதந்தரம் பெற்ற இரண்டு மாதம் நிறையுமுன்னரே, 1957 அக்டோபர் 24-ந் தேதி, மலாயா அதில் அங்கம் பெற்றது. 1995 ஜனவரி முதல் தேதி உலக வர்த்தக ஸ்தாபனம் தோன்றியபோது மலேசியா அதன் ஆரம்ப அங்கத்தினராயிற்று. பிறர் நமக்காகப் பேசிய காலம் போய், நாடே தனக்காகப் பேசும் காலம் வந்தது. இது பெருமைக்குரியதே.

ஆனால், நாடு பெற்ற ஆசனம் தொழிலாளி பெற்ற ஆசனமாகுமா? 1996-ல் சிங்கப்பூரில் கூடிய அந்த ஸ்தாபனத்தின் மந்திரிகள் மகாநாட்டில் இக்கேள்வி எழுந்தது. தொழிலாளர் விதிகளை வர்த்தகத்துடன் பிணைக்கலாகாது என்று மலேசியா முதலிய நாடுகள் வாதித்தன. செல்வ நாடுகள் இதைச் சாக்காகக் கொண்டு ஏழை நாடுகளின் சரக்கைத் தடுக்கும் என்பது அவர்கள் அச்சம். அவ்வச்சம் வீண் என்று நாம் சொல்லோம். அப்பொறுப்பு சர்வதேசத் தொழிலாளர் ஸ்தாபனத்தையே சார்ந்தது என்று மகாநாடு முடிவு கூறிற்று.

வாயிலில் தடுக்கப்பட்டது கொல்லைப்புறமாக வந்தது. 2020-ல், கட்டாய உழைப்பின் குறிகள் உள்ளன என்று கூறி, மலேசிய ரப்பர் கையுறைகள் சிலவற்றை அமெரிக்கச் சுங்க இலாகா தடுத்து நிறுத்தியது. மீண்டும் ரப்பர்; மீண்டும் கடல் கடந்து வந்த கூலியாள். இம்முறை அவன் பெரும்பாலும் வங்காள தேசத்தான், நேப்பாளத்தான். நம் பாட்டன் பட்டதையே அவன் படுகிறான். அவன் வேறு, நாம் வேறு என்று எண்ணுதல் நம் சரித்திரத்தையே மறத்தலாகும்.

நாட்டின் ஆசனம் ஜினீவாவில் உள்ளது. தொழிலாளியின் ஆசனம் அவன் சங்கத்தில் உள்ளது. 1954-ல் தோட்டத் தொழிலாளர் சங்கங்கள் ஒன்றுபட்டு தேசிய சங்கமானபோது நம்மவர் இதை உணர்ந்தனர். சங்கத்தில் அங்கம் பெறாதவன், தன் நாடு எத்தனை உலக சபைகளில் அங்கம் பெற்றாலும், சந்தைக்கு வெளியே நிற்பவனே.