காதல் கூடாது என்றொரு ஒப்பந்தம்

காதல் நகைச்சுவைப் படத்துக்குக் காதலர்களைவிட அவர்களைச் சேரவிடாத தடைதான் முக்கியம். நட்பும் உடல் நெருக்கமும் கலந்து கடைசியில் காதலாகும் ஹாலிவுட் கதைகளின் வரலாறு, அந்தத் தடை இடம் மாறிய வரலாறு.

எர்ன்ஸ்ட் லூபிச் 1933இல் இயக்கிய 'டிசைன் ஃபார் லிவிங்' படத்தில் ஒரு பெண்ணும் இரண்டு ஆண்களும் பாரிஸில் சேர்ந்து குடியிருக்கிறார்கள். தங்களுக்குள் உடலுறவு கிடையாது என்பது ஒப்பந்தம், அது நீடிக்கவில்லை. 1930இல் எழுதப்பட்ட தணிக்கை விதிகள் அப்போது ஏட்டளவில்தான் இருந்தன. 1934 ஜூலையில் தணிக்கைப் பொறுப்பாளர் ஜோசஃப் பிரீன் அவற்றைக் கறாராக அமல்படுத்தத் தொடங்கியபின் இத்தகைய கதைக்கு இடமில்லாமல் போனது. அதே ஆண்டு பிப்ரவரியில் வந்த ஃபிராங்க் காப்ராவின் 'இட் ஹேப்பன்ட் ஒன் நைட்' அந்த விதிகளுக்கு உட்பட்ட ஒரு வழியை முன்கூட்டியே காட்டியிருந்தது. மணமாகாத இருவர் ஒரே அறையில் தங்க நேர்கிறது. நடுவே கயிறு கட்டிப் போர்வை தொங்கவிடுகிறார்கள். கல்யாணத்துக்குப் பிறகே போர்வை விழுகிறது. ஐந்து முதன்மை ஆஸ்கர்களையும் அள்ளிய படம் அது.

1968இல் அந்தத் தணிக்கை விதிகள் போய், வயதுவாரித் தரச்சான்று வந்தது. ஊர் தடுக்காத ஜோடியை எதைக்கொண்டு தடுப்பது? நோரா எஃப்ரான் எழுதி ராப் ரைனர் இயக்கிய 'வென் ஹாரி மெட் சாலி' (1989) நட்பையே தடையாக்கியது. ஓர் இரவு ஒன்றாகக் கழிந்ததும் நெடுநாள் நட்பு உடைகிறது. இருவரும் சேராமலே முடிப்பதுதான் முதலில் இருந்த எண்ணம். படப்பிடிப்புக் காலத்தில் ரைனர் தன் வருங்கால மனைவியைச் சந்தித்த பிறகு முடிவு மாறியது.

2011இல் ஒப்பந்தமே தலைகீழானது: படுக்கை உண்டு, காதல் கிடையாது. ஜனவரியில் இவான் ரைட்மனின் 'நோ ஸ்ட்ரிங்ஸ் அட்டாச்ட்', ஜூலையில் வில் க்ளக்கின் 'ஃபிரண்ட்ஸ் வித் பெனிஃபிட்ஸ்'. ஒவ்வொன்றும் உலகளவில் சுமார் 15 கோடி டாலர் வசூலித்தது. முதல் படத்தில் விதி போடுபவள் வேலைப்பளுவில் மூழ்கிய மருத்துவர். பிடிகொடுக்காத ஆண் என்ற பழைய வார்ப்பு அங்கே பெண்ணுக்குப் போயிற்று. க்ளக்கின் படம் காதல் படங்களின் வழக்கமான காட்சிகளை வாய்விட்டுக் கேலி செய்கிறது. ஆனாலும் அதன் நாயகன் நியூயார்க் கிராண்ட் சென்ட்ரல் ரயில் நிலையத்தில் கூட்டமாக ஆட ஆளைத் திரட்டித்தான் தன் காதலைச் சொல்கிறான்.