கிராஸ் நாய் வளர்க்கிறீங்களா? கார்ட்டில் எதை வைக்கலாம், எதைத் தூக்கிடலாம்?

ராத்திரி 11 மணி. போனில் பெட் ஷாப் ஆப் திறந்திருக்கிறது. கார்ட்டில் கால்சியம் சிரப், மூட்டு மாத்திரை, உண்ணி ஷாம்பூ, மல்டிவிட்டமின் பிஸ்கட், கடிக்கிற எலும்பு... பில் நாலாயிரத்தைத் தாண்டிவிட்டது. இதற்கெல்லாம் சொந்தக்காரரோ கட்டிலுக்குக் கீழே நாலு காலையும் விரித்துத் தூங்கிக்கொண்டிருக்கிறார். விடிந்ததும் மொட்டைமாடியைப் பத்துச் சுற்று சுற்றுவார். அப்புறம் தெருமுனை வரை நம்மை இழுத்துக்கொண்டு ஓடுவார்.

லேப்ரடார் வளர்க்கிறவர்களுக்குக் கவலை இல்லை. 'லேப்ரடாருக்கு' என்று போட்டே பாக்கெட் வருகிறது. நம்ம ஆள் கிராஸ். அம்மா சிப்பிப்பாறை மாதிரி இருந்தது, அப்பா யாரென்றே தெரியாது. இவருக்கு எந்தப் பாக்கெட்?

உண்மையில் இது ஒரு குறையே இல்லை. இனத்தின் பெயரைப் பார்த்து வாங்க முடியாது என்றால், நாயைப் பார்த்து வாங்க வேண்டியதுதான். அதன் எடை, உடல்வாகு, ஒரு நாளில் அது எங்கெல்லாம் ஓடுகிறது என்ற மூன்றும் தெரிந்தால் போதும். கார்ட்டில் பாதி தானாகக் காலியாகிவிடும்.

முதலில் எடை பாருங்க

உண்ணி மருந்து, குடற்புழு மாத்திரை, சாப்பாட்டு அளவு எல்லாமே எடைக் கணக்குதான். 'பார்க்க 15 கிலோ இருக்கும்' என்ற குத்துமதிப்பு இங்கே உதவாது. வீட்டில் இருக்கும் மெஷினில் முதலில் நீங்கள் மட்டும் ஏறுங்கள். அப்புறம் நாயைத் தூக்கிக்கொண்டு ஏறுங்கள். வித்தியாசம்தான் நாயின் எடை. மாதம் ஒருமுறை பார்த்து போனில் குறித்து வைத்தால், காரணமே இல்லாமல் எடை இறங்குவதையும் கண்டுபிடிக்கலாம்.

அந்த எடை சரியானதா என்று தெரிய ஒரு சின்ன டெஸ்ட். நாயின் விலா மேல் விரலால் தடவுங்கள். அதே உணர்வை உங்கள் கையில் தேடுங்கள். விரல்களை நீட்டி வைத்த புறங்கை மாதிரி இருந்தால் சரியான எடை. மடக்கிய விரல் முட்டி மாதிரி துருத்தினால் ஒல்லி. உள்ளங்கை மாதிரி மெத்தென்று இருந்தால் குண்டு. சிப்பிப்பாறை, கன்னி கலப்பு நாய்களுக்கு உடல்வாகே மெலிவு. லேசாக விலா தெரிவது அவற்றுக்கு இயல்பு. 'என்னங்க, நாய்க்குச் சோறே போடுறதில்லையா?' என்று பக்கத்து வீட்டில் கேட்பதற்காக எடை கூட்டும் பவுடர் வாங்காதீர்கள்.

முதல் செலவு தடுப்பூசிக்கு

இது கார்ட்டில் வராது. ஆனால் எல்லாவற்றுக்கும் முன்னால் வரும். குட்டிக்கு 6 முதல் 8 வாரத்தில் தடுப்பூசி தொடங்கி, 3-4 வார இடைவெளியில் 16 வாரம் வரை போடுவார்கள். பார்வோ, டிஸ்டெம்பர் இரண்டும் குட்டிகளைக் கொண்டுபோய்விடக்கூடிய நோய்கள். ரேபிஸ் ஊசி 3 மாதத்தில். பிறகு பூஸ்டர் எப்போது என்பதை டாக்டர் கார்டில் எழுதித் தருவார்.

வளர்ந்த நாயைத் தெருவிலிருந்து தத்தெடுத்தீர்களா? கார்டு இல்லையென்றால், ஊசியே போடாத நாய் என்று வைத்துக்கொண்டு புதிதாகத் தொடங்குவதுதான் பாதுகாப்பு. மழைக்காலத்தில் தேங்கிய தண்ணீரில் குதித்து விளையாடும் நாய் என்றால், லெப்டோஸ்பைரோசிஸ் தடுப்பூசியும் கார்டில் இருக்கிறதா என்று பாருங்கள். எலியின் சிறுநீரால் பரவும் இந்த நோய் நாயிடமிருந்து நமக்கும் வரும்.

சென்னையில் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனை, மற்ற ஊர்களில் அரசு கால்நடை மருந்தகம் என்று செலவு குறைந்த இடங்களும் இருக்கின்றன. 'காசு சேர்ந்ததும் போட்டுக்கலாம்' என்று ஊசியைத் தள்ளிப்போட வேண்டாம்.

உண்ணி: நிஜமான எதிரி

நம் ஊர் நாய்களிடம் அதிகம் பார்ப்பது பழுப்பு நிற நாய் உண்ணி. இது வீட்டுக்குள்ளேயே குடும்பம் நடத்தும். ரத்தம் குடித்து உப்பிய பெண் உண்ணி கீழே இறங்கி, சுவர் இடுக்கிலும் கதவு மூலையிலும் ஆயிரக்கணக்கில் முட்டையிடும். அதனால் நாய்க்கு மட்டும் மருந்து போட்டு, அது படுக்கும் இடத்தை விட்டுவிட்டால் பலன் பாதிதான். படுக்கை விரிப்பை வாரம் ஒருமுறை சுடுநீரில் துவைத்து, மூலை முடுக்குகளைச் சுத்தம் செய்யுங்கள்.

கடையில் கிடைப்பவை நாலு வகை:

ஷாம்பூ, பவுடர்: அன்றைக்கு இருக்கும் உண்ணியைக் குறைக்கும். கழுவியதும் பாதுகாப்பும் போய்விடும். தினமும் புல்லில் புரளும் நாய்க்கு இது மட்டும் போதாது.

ஸ்பாட்-ஆன் சொட்டு மருந்து: கழுத்தின் பின்புறம், நக்க முடியாத இடத்தில், முடியை விலக்கித் தோலில் விட வேண்டும். போடுவதற்கு முன்னும் பின்னும் இரண்டு நாள் குளிப்பாட்ட வேண்டாம்.

உண்ணி பட்டை: மாதக்கணக்கில் வேலை செய்யும் நல்ல பட்டைகள் உண்டு. தோலைத் தொடுகிற மாதிரி போட்டால்தான் பலன். தினமும் கடலிலோ கிணற்றிலோ நீந்தும் நாய்க்குப் பலன் குறையும்.

மாத்திரை: ஒரு மாதம் அல்லது மூன்று மாதம் தாங்கும் வகைகள் உண்டு. அடிக்கடி குளிக்கும், ஓடியாடும் நாய்க்கு வசதி. ஆனால் ஐசாக்ஸசோலின் என்ற இந்த வகை மருந்துகள் சில நாய்களுக்கு நடுக்கம், வலிப்பு உண்டாக்கலாம் என்று அமெரிக்காவின் எஃப்.டி.ஏ 2018-ல் எச்சரித்தது. உங்கள் நாய்க்கு எப்போதாவது வலிப்பு வந்திருந்தால், டாக்டரிடம் முதலில் அதைச் சொல்லுங்கள்.

எதை வாங்கினாலும் எடை வரம்பைப் பாருங்கள். பெரிய நாய்க்கான பாக்கெட்டை வாங்கி இரண்டு குட்டிகளுக்குப் பிரித்துப் போடும் 'சிக்கனம்' விபரீதம். இரண்டு மூன்று வகைகளை ஒன்றாகப் போடுவதும் அப்படித்தான். வீட்டில் பூனையும் இருந்தால் லேபிளில் 'பெர்மெத்ரின்' இருக்கிறதா என்று தேடுங்கள். நாய் தாங்கும் அந்த மருந்து பூனையின் உயிரையே எடுத்துவிடும்.

கண்ணில் பட்ட உண்ணியை மண்ணெண்ணெய், சூடு எதுவும் வைக்காமல், ட்வீசரால் தோலை ஒட்டிப் பிடித்து நேராக இழுத்து எடுங்கள். இன்னொன்று. வாக்கிங் செயினை எடுத்தாலே குதிக்கிற நாய் ஒரு நாள் எழுந்தே வரவில்லை, சாப்பாட்டை மோந்துவிட்டுப் போகிறது, ஈறு வெளுத்திருக்கிறது என்றால் அது சோம்பல் இல்லை. உண்ணிக் காய்ச்சலாக இருக்கலாம். அன்றைக்கே ரத்தப் பரிசோதனைக்குக் கூட்டிப்போங்கள்.

பாக்கெட்டின் முன்பக்கம் விளம்பரம், பின்பக்கம் விஷயம்

உணவுப் பாக்கெட்டின் முன்னால் இருக்கும் ஓநாய் படத்தை விட்டுவிட்டுத் திருப்புங்கள். இது குட்டிக்கா, வளர்ந்த நாய்க்கா, முழுமையான சரிவிகித உணவா என்று பின்னால் போட்டிருக்க வேண்டும். அமெரிக்காவின் ஆஃப்கோ அமைப்பு வகுத்த அளவுப்படி, ஈரப்பதம் நீக்கிய கணக்கில் வளர்ந்த நாய் உணவில் குறைந்தது 18 சதவிகிதம், குட்டி உணவில் 22.5 சதவிகிதம் புரதம் இருக்க வேண்டும்.

'ஈரப்பதம் நீக்கிய கணக்கு' என்றால்? ஈர உணவுப் பாக்கெட்டில் புரதம் 8 சதவிகிதம், ஈரப்பதம் 80 சதவிகிதம் என்று போட்டிருக்கும். தண்ணீரைக் கழித்தால் மிச்சம் 20. அந்த 20-ல் 8 புரதம். அதாவது 40 சதவிகிதம். இப்படிப் பார்த்தால்தான் உலர் உணவையும் ஈர உணவையும் ஒப்பிட முடியும்.

வீட்டுச் சாப்பாடு தப்பே இல்லை. ஆனால் தினமும் தயிர்சாதம் மட்டும் என்றால் ஓடுகிற நாய்க்குப் பத்தாது. கறி, முட்டை, காய் சேர்த்து, கால்சியத்துக்கு என்ன செய்வது என்று டாக்டரிடம் கேட்டு அளவை முடிவு செய்யுங்கள். வெங்காயம், பூண்டு, திராட்சை, சாக்லேட், வேகவைத்த எலும்பு கூடவே கூடாது. பிஸ்கட், ட்ரீட் எல்லாம் சேர்ந்து ஒரு நாள் கலோரியில் பத்தில் ஒரு பங்குக்குள் இருக்கட்டும்.

சத்து மருந்து எல்லாருக்கும் வேண்டாம்

முழுமையான உணவு சாப்பிடும் நாய்க்கு மல்டிவிட்டமின் தேவையில்லை. குட்டிக்குக் கால்சியம் சிரப் கொடுத்தால் கால் பலமாகும் என்பது நம் ஊரில் பரவலான நம்பிக்கை. நல்ல குட்டி உணவில் ஏற்கெனவே கால்சியம் இருக்கிறது. அதற்கு மேல் ஊற்றினால், பெரிதாக வளரும் குட்டிகளுக்கு எலும்பு வளர்ச்சியே கோணிப்போகலாம்.

மூட்டுக்கான குளுக்கோசமின் மாத்திரைகளுக்கு ஆதாரம் பலமாக இல்லை. மீன் எண்ணெயில் இருக்கும் ஒமேகா-3 மூட்டுவாதம் உள்ள நாய்க்குக் கொஞ்சம் உதவும். மூட்டைக் காப்பாற்ற மலிவான வழி, எடையைக் கட்டுக்குள் வைப்பதுதான்.

பட்டை, ஹார்னஸ், வாய்மூடி

சிப்பிப்பாறை சாயல் இருந்தால் தலை குறுகலாகவும் கழுத்து தலைக்குச் சமமாகவும் இருக்கும். பட்டாசுச் சத்தத்துக்குப் பின்வாங்கினால் சாதாரணப் பட்டை அப்படியே உருவிக்கொண்டு வந்துவிடும். இவற்றுக்கு, இழுக்கும்போது ஓரளவு மட்டும் இறுகி நின்றுவிடும் மார்டிங்கேல் பட்டை நல்லது. வெளியே போகும்போது மட்டும் போடுங்கள். இழுக்கிற நாய்க்கு, நெஞ்சில் 'ஒய்' வடிவத்தில் வந்து தோள் அசைவைத் தடுக்காத ஹார்னஸ். எதைப் போட்டாலும் இரண்டு விரல் உள்ளே போக வேண்டும். கழுத்தை நெரிக்கும் செயின் வேண்டாம்.

வாய்மூடி தேவைப்பட்டால் கூடை வகையை வாங்குங்கள். நாய் தன் உடல் சூட்டை முக்கியமாக மூச்சிரைத்துத்தான் தணிக்கிறது. வாயை இறுக்கிக் கட்டும் துணி வகையைப் போட்டு வெயிலில் நடத்தினால் ஆபத்து.

வெயில் காலத்தில் தார் ரோட்டில் புறங்கையை 7 விநாடி வைத்துப் பாருங்கள். உங்களால் முடியாவிட்டால் அதன் பாதமும் தாங்காது. ஓட்டம் அதிகாலையிலும் இருட்டிய பிறகும் மட்டும். நாயின் இயல்பான உடல்சூடு 38 முதல் 39.2 டிகிரி செல்சியஸ். ஓட்டத்துக்குப் பிறகு அது 41-ஐத் தாண்டி, நாய் தள்ளாடினால் அது ஹீட் ஸ்ட்ரோக். உடனே சாதாரணத் தண்ணீரை உடம்பெல்லாம் ஊற்றி, காற்று படவைத்து, பிறகு மருத்துவமனைக்கு ஓடுங்கள். ஒரு டிஜிட்டல் தெர்மாமீட்டரின் விலை, கார்ட்டில் இருக்கும் பிஸ்கட் டப்பாவைவிடக் குறைவு.

ஷாம்பூ, காது, பல்

நாயின் தோல் நம் தோலைவிட அமிலத்தன்மை குறைந்தது. நம் ஷாம்பூ, சோப்பு அதற்கு ஒத்துக்காது. கிருமிநாசினியைத் தண்ணீரில் கலந்து ஊற்றவே கூடாது. கலப்பின நாயின் குட்டை முடிக்கு மாதம் ஒன்று இரண்டு குளியல் போதும். மழையில் நனைந்தால் விரல் இடுக்கைத் துணியால் துடைத்து உலர்த்துங்கள்.

காது தொங்குகிற வகையென்றால் காது கிளீனர் வாங்கலாம். பட்ஸ் வேண்டாம். காதில் நாற்றம் இருந்தாலோ, தலையை உதறிக்கொண்டே இருந்தாலோ எதையும் ஊற்றாமல் டாக்டரிடம் காட்டுங்கள்.

பல்லுக்கு நாய்க்கான பேஸ்ட்தான். நம் பேஸ்ட்டில் சைலிடால் இருந்தால் நாய்க்கு அது விஷம். கடிக்கக் கொடுக்கும் பொருளைக் கட்டைவிரல் நகத்தால் அழுத்திப் பாருங்கள். நகம் பதியாத அளவுக்குக் கெட்டி என்றால் பல் உடையும்.

நம்ம மருந்துப் பெட்டியை மூடி வையுங்க

குதித்து விளையாடிவிட்டு நொண்டிக்கொண்டு வரும். 'பாவம், வலிக்குது போல' என்று நம் மாத்திரையைப் பாதி உடைத்துக் கொடுக்கத் தோன்றும். செய்யாதீர்கள். ஐபுபுரோஃபென், டைக்ளோஃபினாக் நாயின் வயிற்றில் புண்ணை உண்டாக்கி, சிறுநீரகத்தையும் கெடுக்கும். பாராசிட்டமால் கல்லீரலைப் பாதிக்கும்.

கலப்பின நாய் வைத்திருப்பவர்கள் கவனிக்க இன்னொன்றும் உண்டு. கோலி, ஆஸ்திரேலியன் ஷெப்பர்ட் மாதிரி இனங்களில் பல நாய்களுக்கு இருக்கும் ஒரு மரபணு மாற்றத்தால், சொறிக்குத் தரும் அதிக அளவு ஐவர்மெக்டின் மூளையைத் தாக்கும். பரம்பரை தெரியாத நாய்க்கும் அந்த மரபணு இருக்கலாம். அதனால் 'பக்கத்து வீட்டு நாய்க்குக் கேட்டுச்சு' என்ற காரணத்துக்காக அந்த மருந்தைக் கடையில் கேட்டு வாங்காதீர்கள்.

இப்போ கார்ட்டைத் திறங்க

கால்சியம் சிரப், மூட்டு மாத்திரை, மல்டிவிட்டமின் பிஸ்கட் மூன்றையும் நீக்குங்கள். கடிக்கிற எலும்பை நகத்தால் அழுத்திப் பார்த்த பிறகு முடிவு செய்யலாம். ஷாம்பூ இருக்கட்டும். ஆனால் உண்ணிக்கு அதை நம்ப வேண்டாம். மிச்சமாகும் பணம் தடுப்பூசிக்கும், எடைக்கு ஏற்ற உண்ணி மருந்துக்கும், கழுத்தில் சரியாக உட்காரும் பட்டைக்கும், ஒரு தெர்மாமீட்டருக்கும் போகட்டும். அப்படியே நாயின் எடை, ஊசி தேதி, டாக்டர் நம்பர் மூன்றையும் போனில் ஒரே இடத்தில் குறித்து வையுங்கள். ராத்திரி 11 மணிக்கு ஓர் அவசரம் என்றால் கை தேடப்போவது அந்தக் குறிப்பைத்தான்.