ஷ்ச்சி

ஷ்ச்சி என்பது ரஷ்யர்களின் முட்டைக்கோஸ் சாறு. வீடுகளில் இதற்கு எலும்போடு கூடிய மாட்டு நெஞ்சுக்கறியைக் குளிர்ந்த நீரில் இட்டு, நுரையை எடுத்துவிட்டு, இரண்டு மணி நேரத்துக்கும் மேல் சிறுதீயில் வேகவைக்கிறார்கள். புளிக்கவைத்த கோஸைத் தனியே கொழுப்பில் வதக்கி, குழைந்ததும் சாற்றில் கலக்கிறார்கள். காரட், வெங்காயம், மிளகு, பிரிஞ்சி இலை துணைக்கு வரும். உருளைக்கிழங்கு போடுவதானால் கோஸுக்கு முன்பே வெந்திருக்க வேண்டும். புளிப்புப் பட்டால் கிழங்கு இறுகிவிடும். செய்முறை கறியிலிருந்து தொடங்குவதால் இதைக் கறிச்சாறு என்றே எண்ணத் தோன்றும். ஆனால் ஷ்ச்சிக்கு அடையாளம் புளிப்புதான். கறி, வீட்டின் வசதிக்கும் விரத நாட்காட்டிக்கும் ஏற்ப வந்துபோவது.

பெயரின் மூலம் பற்றி ஒருமித்த கருத்து இல்லை. உணவைக் குறித்த பழஞ்சொல் ஒன்றோடு சிலர் இணைக்கிறார்கள். சுக்கான்கீரை இனத்துப் புளிக்கீரையின் ரஷ்யப் பெயரோடு வேறு சிலர். பின்னது இக்கட்டுரையின் வாதத்துக்கு வசதியானது என்பதற்காக அதை ஏற்றுவிட முடியாது. 16ஆம் நூற்றாண்டின் இல்லற நெறிநூலான ‘தோமொஸ்த்ரோய்’ இதை ‘ஷ்தி’ என்ற பழைய வடிவத்தில் அன்றாட உணவாகக் குறிப்பிடுகிறது.

புளிப்பே அடையாளம் என்பதற்குச் சான்றுகள் குவிவது 19ஆம் நூற்றாண்டில். கறி சேர்ந்தது ‘பணக்கார ஷ்ச்சி’, சேராதது ‘வெறும் ஷ்ச்சி’. அடைமொழிதான் மாறியது, பெயர் மாறவில்லை. ஆண்டில் ஏறத்தாழ 200 நாட்களை விரதமாக வகுத்திருந்தது ஆர்த்தடாக்ஸ் திருச்சபை. அந்நாட்களில் கறியின் இடத்தைக் காளானோ உலர்ந்த சிறுமீனோ பிடிக்கும். புளிப்பு அப்படியே இருக்கும். கோகோலின் ‘இறந்த ஆன்மாக்கள்’ (1842) நாவலின் முதல் அத்தியாயத்தில் கதைநாயகன் சிச்சிகோவ் ஒரு போத்தல் ‘புளி ஷ்ச்சி’ குடிக்கிறான். அது சாறே அல்ல, ரொட்டியைப் புளிக்கவைத்துச் செய்யும் க்வாஸ் போன்ற நுரைபொங்கும் பானம். கறியோ கோஸோ இல்லாத ஒன்றுக்கும் அப்பெயர் ஒட்டியிருக்கிறது. துர்கேனிவ் 1878இல் எழுதிய ‘ஷ்ச்சி’ என்ற உரைநடைக் கவிதையில், ஒரே மகனைப் பறிகொடுத்த ஏழைக் கைம்பெண் கரிபிடித்த பானையின் அடியிலிருந்து ‘வெறும் ஷ்ச்சி’யை அள்ளி உண்கிறாள். அதில் உப்பு இருக்கிறதே, வீணாக்கலாமா என்பது அவள் சொல்லும் காரணம். உப்பு வரி நீங்கியது 1881 தொடக்கத்தில்தான் என்பதை நினைத்தால் அந்தப் பதிலின் கனம் புரியும். கோஸைப் புளிக்கவைக்கவும் அதே உப்புதான் வேண்டும். இலையுதிர் காலத்தில் அண்டை வீட்டார் கூடிக் கோஸ் நறுக்கும் விழா ‘கபூஸ்த்னிக்’.

புதுக் கோஸில் செய்த ஷ்ச்சி இல்லையா என்று கேட்கலாம். உண்டு, அதைச் ‘சோம்பேறி ஷ்ச்சி’ என்றும் சொல்வார்கள். அதிலும் ஸ்மெத்தானா என்ற புளித்த பாலாடையோ, புளிப்பு ஆப்பிளோ, பிற்காலத்தில் தக்காளியோ குறையை நிரப்புகிறது. மறுபுறம், புளிக்கீரையில் செய்யும் ‘பச்சை ஷ்ச்சி’யில் கோஸே கிடையாது, பெயர் மட்டும் நிலைக்கிறது. இன்னும் வலுவான மறுப்பு அடுப்பைப் பற்றியது: ரஷ்யச் செங்கல் அடுப்பின் தணிந்துவரும் சூட்டில் நெடுநேரம் ஊறுவதே ருசிக்குக் காரணம் என்பார்கள். ஒரு நாள் வைத்திருந்து உண்ணும் ‘நாள்பட்ட ஷ்ச்சி’ இதற்குச் சான்றுதான். ஆனால் அந்தச் சூடு கஞ்சிக்கும் பொது. ஷ்ச்சியைத் தனியே பிரித்துக் காட்டாது. அடுப்பை விட்டு அகன்றாலும் அது ஷ்ச்சிதான்: குளிர்கால வழிப்பயணத்தில் உறைந்த ஷ்ச்சிக் கட்டியைக் கொண்டுபோய், வேண்டிய அளவு கோடரியால் வெட்டிச் சூடாக்கினார்கள் என்ற செய்தியைச் சமையல் வரலாற்றாசிரியர்கள் திரும்பத் திரும்பச் சொல்கிறார்கள்.

சோவியத் காலத்தில், 1939இல் வெளிவந்த ‘சுவையும் ஆரோக்கியமுமான உணவு’ நூலும் தொழிற்சாலை உணவகங்களும் இதைத் தொடர்ந்தன. இன்று கோஸ் கடையில் புளித்தே கிடைக்கிறது. செங்கல் அடுப்பின் வேலையைச் சிறுசூட்டில் வைத்த ஓவன் செய்கிறது.