தனித்து அகப்படாத துகள்

1964ஆம் ஆண்டில் ஒரே கருத்து இருவரிடம் தனித்தனியே தோன்றியது. புரோட்டானும் நியூட்ரானும் அவற்றினும் சிறிய மும்மூன்று துகள்களால் ஆனவை என்றனர் கலிபோர்னியாவின் முர்ரே கெல்மனும், ஜெனீவாவின் செர்ன் ஆய்வகத்தில் இருந்த ஜார்ஜ் ஸ்வைக்கும். ஸ்வைக் அவற்றை 'ஏஸ்' என்றழைத்தார். கெல்மன் முதலில் ஓர் ஒலியை மட்டுமே மனத்தில் கொண்டிருந்தார்; அதற்குரிய எழுத்துவடிவை ஜேம்ஸ் ஜாய்சின் நாவலொன்றில் பின்னர் கண்டெடுத்தார். அவ்வாறு அமைந்த 'குவார்க்' என்னும் பெயரே நிலைத்தது.

பெயர் நிலைத்த அளவுக்குப் பொருள் நிலைக்கவில்லை. குவார்க்குகளின் மின்னூட்டம் எலக்ட்ரானுடையதில் மூன்றில் ஒரு பங்காகவோ இரு பங்காகவோ இருத்தல் வேண்டும். அத்தகைய துகள் எவர் தேடலிலும் அகப்படவில்லை. ஆகவே இது கணக்கிடுவதற்கு உதவும் கற்பனையே எனப் பலரும் கருதினர். கெல்மனின் எழுத்திலும் அந்தத் தயக்கம் இருந்தது. ஸ்வைக்கின் கட்டுரையோ அன்று எந்த ஆய்விதழிலும் வெளிவரவில்லை.

1960களின் இறுதியில் ஸ்டான்ஃபோர்டின் மூன்று கிலோமீட்டர் நீள முடுக்கியில் எலக்ட்ரான்களைப் புரோட்டான்கள்மீது மோதவிட்டனர். எதிர்பார்த்ததைவிட மிகுதியான எலக்ட்ரான்கள் பெருங்கோணங்களில் சிதறின. புரோட்டானுக்குள் புள்ளி போன்ற துகள்கள் உள்ளன என்பது தெளிவாயிற்று. ஆனால் புதிய புதிர் ஒன்று எழுந்தது: உள்ளே ஏறத்தாழக் கட்டற்று உலவும் அவை ஏன் ஒருபோதும் வெளிவருவதில்லை?

1973இல் டேவிட் கிராஸ், ஃபிராங்க் வில்செக், டேவிட் பொலிட்சர் ஆகியோரின் கணக்கு வழிகாட்டியது. மின்விசையைச் சுமக்கும் ஃபோட்டானுக்கு மின்னூட்டம் இல்லை. வலுவிசையைச் சுமக்கும் குளுவானோ, 'நிறம்' எனப்படும் அவ்விசைக்குரிய ஊட்டத்தைத் தானும் கொண்டது. அதனால் குளுவான்கள் ஒன்றையொன்றும் பற்றிக்கொள்கின்றன. குவார்க்குகள் நெருங்கும்போது இவ்விசை தளர்கிறது. விலகினால் பிடி இறுகுகிறது. மேலும் இழுத்தால், செலுத்திய ஆற்றலே புதிய குவார்க்காகவும் எதிர்க்குவார்க்காகவும் உருவெடுத்து, பிரிந்ததோடு இணைந்துவிடுகிறது. தனிக் குவார்க் எஞ்சுவதில்லை. 1979இல் ஹாம்பர்க்கில் துகள்கள் மூன்று தாரைகளாகப் பாய்ந்த நிகழ்வுகள் குளுவானுக்குச் சான்றாயின. அம்மூவருக்கும் 2004இல் நோபல் பரிசு கிடைத்தது.

புரோட்டானின் நிறையில் அதன் மூன்று குவார்க்குகளின் சொந்த நிறை ஏறத்தாழ நூற்றில் ஒரு பங்கே. எஞ்சியது அவற்றின் இயக்கத்திலும் பிணைப்பிலும் அடங்கிய ஆற்றல். கல்லும் மலையும் மனித உடலும் கொண்ட எடையின் பெரும்பகுதி அப்பிணைப்பினால் வருவதே. குவார்க் உண்மையன்று என ஐயுறக் காரணமாயிருந்த அதே பிடிதான் இவ்வுலகுக்குக் கனத்தைத் தந்திருக்கிறது.